குத்தகைக்குள் ஒரு நகரம்: தங்கவயலில் தீராத நில வழக்கு

புதுதில்லி: கோலார் தங்கவயலில் குன்றுகளைப்போலக் குவிந்து கிடக்கும் 13 கழிவு மண் மேடுகளை ஏலத்தில் விடும் மத்திய அரசின் திட்டத்துக்குக் கர்நாடக அமைச்சரவை 2024 ஜூன் மாதம் ஒப்புதல் அளித்தது. மேடுகள் பரவியுள்ள பரப்பு 1,003 ஏக்கருக்குச் சற்று அதிகம். நிலம், மூடப்பட்ட மத்திய பொதுத்துறை நிறுவனமான பாரத் கோல்ட் மைன்ஸ் (பிஜிஎம்எல்) வசம் உள்ளது. ஒப்புதலோடு மாநில அரசு ஒரு கோரிக்கையையும் வைத்தது. நிறுவனம் தனக்குத் தரவேண்டிய நிலுவையைச் சுட்டிக்காட்டி, தொழில் நகரம் அமைக்க 2,300 ஏக்கருக்கும் அதிகமான நிலத்தைத் தன்னிடம் ஒப்படைக்க வேண்டும் என்பதே அது.

சாஸ்திரி பவனில் உள்ள சுரங்க அமைச்சகத்துக்கும் பெங்களூர் விதான சௌதாவுக்கும் இடையே நடக்கும் இந்தக் கடிதப் போக்குவரத்தில் மூன்றாவது தரப்பு ஒன்று உண்டு. ராபர்ட்சன்பேட்டையைச் சுற்றி, சுரங்க நிறுவனம் கட்டிய 'லைன்' வீடுகளில் மூன்று, நான்கு தலைமுறைகளாக வாழும் தமிழ்க் குடும்பங்கள்தான் அத்தரப்பு. சுரங்கம் மூடப்பட்டதிலிருந்து நடந்த வழக்குகளில் நிலத்தையும் சொத்தையும் யாரிடம், எந்த முறையில் கொடுப்பது என்ற கேள்விக்கு நீதிமன்றங்கள் விடை தந்துள்ளன. அந்த நிலத்தின்மேல் வீடு வைத்திருப்பவரின் நிலை என்ன என்பது பிரதானக் கேள்வியாக இதுவரை எடுத்துக்கொள்ளப்படவில்லை.

லாவெல் பெற்ற குத்தகை

பொது நிலத்தைத் தனியாருக்குக் குத்தகைக்கு விடுவது குறித்து இந்தியாவில் இன்று நடக்கும் எந்த விவாதத்துக்கும் கோலாரைத் தொடக்கப் புள்ளியாகக் கொள்ளலாம். நியூசிலாந்தில் மாவோரிகளுக்கு எதிரான போரில் பணியாற்றித் திரும்பிய மைக்கேல் லாவெல் என்ற அயர்லாந்துக்காரர், கோலார்ப் பகுதியில் பொன் தோண்டும் தனியுரிமை கேட்டு 1873-இல் மைசூர் அரசுக்கு விண்ணப்பித்தார். 1875-இல் அவருக்கு 20 ஆண்டுக் குத்தகை கிடைத்தது. பெங்களூரில் இன்றும் அவர் பெயரில் ஒரு சாலை இருக்கிறது. செலவு கட்டுப்படியாகாமல் சில ஆண்டுகளிலேயே அவர் தன் உரிமையை வேறு சிலருக்கு மாற்றிக் கொடுத்தார். 1880-இல் லண்டனின் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ் நிறுவனம் களத்தில் இறங்கியது. குத்தகை பெற்றவர் ஒருவர், தோண்டிப் பலன் கண்டவர் வேறொருவர் என்ற கதை அப்போதே தொடங்கிவிட்டது.

மைசூர் அரசுக்கு ராயல்டி சேர்ந்தது. 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து மின்சாரம் வந்தது. வட ஆற்காடு, சேலம், சித்தூர் பகுதிகளிலிருந்து பல்லாயிரம் பேர் வந்து குடியேறினர். அவர்களில் பெரும்பாலோர் தாழ்த்தப்பட்ட வகுப்பினர். மைசூரில் பிரிட்டிஷ் ரெசிடென்டாக இருந்த ராபர்ட்சனின் பெயரால் கடைத்தெருவும் குடியிருப்புமாக ஒரு நகரம் எழுந்தது. சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் கீழே இறங்கியது. 120 ஆண்டுகளில் எடுக்கப்பட்ட தங்கம் ஏறத்தாழ 800 டன் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு.

1956-இல் மைசூர் அரசு சுரங்கங்களைக் கையகப்படுத்தியது. 1962-இல் மத்திய அரசு அவற்றை ஏற்று நிதி அமைச்சகத்தின் கீழ்க் கொண்டுவந்தது. 1972-இல் பிஜிஎம்எல் உருவானது. இன்றைய சிக்கலின் முடிச்சு இந்த மூன்று ஆண்டுகளுக்குள் இருக்கிறது. தோண்டும் நிறுவனம் தில்லிக்குப் போனது. நிலத்துக்கும் கனிமத்துக்கும் உரியவர் என்ற தகுதியைப் பெங்களூர் விட்டுக்கொடுக்கவில்லை. அப்போது அது யாரையும் உறுத்தவில்லை. இரண்டும் அரசுகள்தாமே, தங்கம் தோண்டும் வரை கேள்வி எழாது என்று இருந்துவிட்டனர்.

மூடலும் வழக்கும்

தொடக்க காலத்தில் ஒரு டன் கல்லில் 40 கிராமுக்கும் மேல் தங்கம் கிடைத்த சுரங்கம் அது. இறுதி ஆண்டுகளில் 5 கிராம்கூடக் கிடைக்கவில்லை. வெளிச்சந்தை விலைக்குக் குறைவான அதிகாரபூர்வ விலையில் அரசே நெடுங்காலம் தங்கத்தை எடுத்துக்கொண்டதும் நிறுவனத்தின் ஏடுகளில் நஷ்டத்தைப் பெருக்கியது என்பது தொழிற்சங்கங்களின் பழைய குற்றச்சாட்டு. அதில் நியாயம் இருக்கிறது. 1992-இல் நலிவுற்ற நிறுவனமாகத் தொழில், நிதி மறுசீரமைப்பு வாரியத்துக்கு விவகாரம் சென்றது. நிறுவனத்தைக் கலைத்துவிடலாம் என 2000 ஜூனில் வாரியம் பரிந்துரைத்தது. 2001 பிப்ரவரி 28-ஆம் தேதியுடன் சுரங்கம் மூடப்பட்டது. அப்போது பணியில் இருந்தவர்கள் சுமார் 3,500 பேர்.

மூடிய காலத்தையும் கவனிக்க வேண்டும். உலகச் சந்தையில் ஓர் அவுன்ஸ் தங்கம் அப்போது 260 டாலரை ஒட்டி இருந்தது. இருபது ஆண்டுகளின் மிகத் தாழ்ந்த விலைகளை ஒட்டிய நிலை அது. 2025 அக்டோபரில் அதே அவுன்ஸ் 4,000 டாலரைத் தாண்டியது. சந்தையின் அடிமட்டத்தில் மூடிவிட்டு உச்சத்தில் குப்பையை ஏலம் விட நினைப்பது கோலாருக்கு நேர்ந்த விதி என்றுதான் சொல்ல வேண்டும்.

தொழில் தகராறுச் சட்டத்தின் கீழ் மூடலுக்கு அளிக்கப்பட்ட அனுமதியை எதிர்த்துத் தொழிற்சங்கங்கள் கர்நாடக உயர் நீதிமன்றம் சென்றன. 2003-இல் வந்த தீர்ப்பு மூடலை ரத்து செய்யவில்லை. தொழிலாளர்கள் அந்தத் தோல்வியோடு நிற்காமல், கூட்டுறவு அமைப்பாகத் திரண்டு, சுரங்கத்தைத் தாங்களே நடத்துவதாகக் கருத்துரு கொடுத்தனர். பொதுத்துறை நிறுவனம் ஒன்றை அதன் தொழிலாளர்களே ஏற்று நடத்த முன்வருவது நாட்டில் அடிக்கடி நடப்பதல்ல.

2006-இல் மத்திய அமைச்சரவை ஒரு முடிவெடுத்தது. பிஜிஎம்எல் சொத்துகளை உலகளாவிய ஒப்பந்தப்புள்ளி மூலம் விற்பது. முன்னாள் தொழிலாளர்களின் சங்கத்துக்கு முதல் வாய்ப்புரிமை அளிப்பது. அதாவது, வெளியார் கேட்கும் அதிகபட்ச விலை தெரிந்த பிறகு, அதே விலையைத் தந்து எடுத்துக்கொள்ளும் வாய்ப்பு முதலில் தொழிலாளர்களுக்கு. இதன்மேல் மீண்டும் வழக்கு. 2010-இல் உயர் நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவை எதிர்த்து மத்திய அரசு உச்ச நீதிமன்றத்தை அணுகியது. 2013 ஜூலை 9-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் உலகளாவிய ஒப்பந்தப்புள்ளிக்கு வழிவிட்டுத் தீர்ப்பளித்தது.

காகிதத்தில் தொழிலாளர்களுக்குக் கிடைத்த சலுகை பெரிதாகத் தோன்றும். நடைமுறையில், ஓய்வுக்கால நிலுவைக்கே ஆண்டுக்கணக்கில் காத்திருந்தவர்கள், பன்னாட்டு நிறுவனம் ஒன்று குறிக்கும் விலையை எங்கிருந்து கொண்டு வருவார்கள்? வங்கிக்கு ஈடு காட்ட அவர்களிடம் என்ன இருக்கிறது? குடியிருக்கும் வீட்டுக்குக்கூடப் பட்டா கிடையாது. வாய்ப்புரிமையைக் கொடுத்தவர்கள் இந்தக் கேள்வியைக் கேட்டுக்கொண்டதாகத் தெரியவில்லை.

தில்லியில் மாறிய சட்டம்

கோலார் வழக்கு உச்ச நீதிமன்றத்தில் இருந்த அதே ஆண்டுகளில், பொதுச் சொத்தைத் தனியாருக்கு வழங்குவது பற்றிய சட்டமே தில்லியில் உருமாறிக்கொண்டிருந்தது. 2012 பிப்ரவரி 2-ஆம் தேதி 2ஜி வழக்கில் 122 உரிமங்களை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. இயற்கை வளங்களை ஏலத்தில் வழங்குவதே நியாயமான வழி என்ற கருத்து வலுப்பெற்றது. குடியரசுத் தலைவர் கேட்ட விளக்கத்துக்கு அதே ஆண்டு செப்டம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு பதில் தந்தது. ஏலம் ஒன்றே வழி என அரசியல் சாசனம் கட்டாயப்படுத்தவில்லை. பொது நலன் கருதி வேறு முறையையும் அரசு கையாளலாம். ஆனால் அது தன்னிச்சையாக இருக்கக் கூடாது என்றது. 2014-இல் 214 நிலக்கரிச் சுரங்க ஒதுக்கீடுகள் ரத்தாயின.

இந்த மூன்றில் கோலாருக்குப் பயன்பட்டிருக்க வேண்டியது இரண்டாவது. தொழிலாளர் கூட்டுறவுக்கு நேரடியாக வழங்குவதற்குச் சாசனத் தடை இல்லை என்று வாதிட அதில் இடம் இருந்தது. அரசியல் காற்று வேறு திசையில் வீசியது. ஊழல் குற்றச்சாட்டுகளால் சூடுபட்டிருந்த அதிகார வர்க்கத்துக்கு, ஏலத்தைத் தவிர வேறு எதில் கையெழுத்திடவும் துணிவில்லை. 2015-இல் திருத்தப்பட்ட சுரங்கங்கள், கனிமங்கள் சட்டம் ஏலத்தையே விதியாக்கியது. விதிவிலக்குகள் உண்டு, அவை அரசு நிறுவனங்களுக்கும் ஏற்கெனவே குறிப்பிட்ட கட்டத்தைக் கடந்திருந்த சில விண்ணப்பங்களுக்கும் ஆனவை. முதல் வாய்ப்புரிமை பெற்ற தொழிலாளர் சங்கம் என்று ஒன்றை அந்தச் சட்டம் அறியாது.

தொழிலாளர்கள் சார்பில் இன்னொரு கதவும் முன்னரே மூடப்பட்டிருந்தது. சத்தீஸ்கரின் கோர்பாவில் இயங்கிய பால்கோ அலுமினிய நிறுவனத்தின் 51 சதவீதப் பங்குகளை 2001-இல் ஸ்டெர்லைட்டுக்கு 551.5 கோடி ரூபாய்க்கு விற்றதை எதிர்த்த வழக்கு பலருக்கு நினைவிருக்கும். பங்கு விற்பனை பொருளாதாரக் கொள்கை. சட்டமீறல் இல்லாத வரை நீதிமன்றம் அதில் தலையிடாது. ஊழியர்களைக் கேட்டுத்தான் விற்க வேண்டும் என்று அவர்கள் உரிமை கோர முடியாது என 2001 டிசம்பர் 10-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. தொழிலாளி என்ற தகுதியில் கோலார்க்காரர் எதைக் கேட்டாலும் இந்தத் தீர்ப்பு எதிரே வந்து நிற்கும். குடியிருப்பவர் என்ற தகுதியில் கேட்டால் நிலைமை வேறு. அப்படிக் கேட்டு முழுமையாக வாதாடப்பட்ட வழக்குதான் இல்லை.

நிலம் யாருடையது?

பிஜிஎம்எல் வசம் உள்ள மொத்த நிலம் 12,000 ஏக்கருக்கும் மேல். சுரங்கத் தொழிலுக்காகக் கொடுத்த நிலம், தொழில் நின்றபின் கொடுத்தவருக்கே திரும்ப வேண்டும் என்பது மாநிலத்தின் தரப்பு. நிறுவனத்தின் சொத்து, அதன் கடன்களுக்கும் பொறுப்புகளுக்கும் ஈடாக நிறுவனத்திடமே இருக்க வேண்டும் என்பது தில்லியின் தரப்பு. 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றச் சட்டத்தின் 108-ஆவது பிரிவு சாதாரணக் குத்தகைக்குத் தெளிவான விதி வைத்திருக்கிறது. காலம் முடிந்தால் குத்தகைதாரர் நிலத்தை உரிமையாளரிடம் ஒப்படைக்க வேண்டும். தான் நிலத்தின்மேல் பொருத்தியவற்றை எடுத்துக்கொள்ளலாம். ஆனால் ஒரு நகரத்தையே 'பொருத்தியவற்றில்' சேர்க்க முடியுமா? பள்ளிக்கூடம், மருத்துவமனை, கோயில், தேவாலயம், சுடுகாடு எல்லாம் நிறுவன நிலத்தில்தான் எழுந்தன.

கழிவு மண் மேடுகளின் நிலை இன்னும் விசித்திரமானது. தங்கம் பிரித்தெடுத்தபின் சயனைடு கலந்து வெளியேற்றப்பட்ட மாவு போன்ற மண் அது. அளவு சுமார் 3.3 கோடி டன். ஒரு டன்னில் ஒரு கிராமுக்கும் குறைவாகவே தங்கம் மிஞ்சியிருக்கிறது. அரை கிராம் மட்டுமே மீட்க முடிந்தால்கூட 16 டன் தங்கம் என்று கணக்கு வருகிறது. குப்பை என்று கொட்டியபோது யாரும் சொந்தம் கொண்டாடவில்லை. இன்று அது கனிமமா, நிறுவனத்தின் சரக்கா, நிலத்தோடு சேர்ந்த மண்ணா என்று கேட்டால், விடைக்கு ஏற்ப உரிமையாளர் மாறுகிறார். கனிமம் என்றால் மாநிலத்தின் கை ஓங்கும். சரக்கு என்றால் நிறுவனத்தின் கை. ஏலத்துக்கு மாநில அமைச்சரவையின் இசைவை மத்திய அரசு நாடியதிலேயே இந்த ஐயத்தின் சாயல் தெரிகிறது.

2024 ஜூலை 25-ஆம் தேதி ஒன்பது நீதிபதிகள் அமர்வு அளித்த தீர்ப்பு மாநிலங்களுக்குத் தெம்பூட்டியது. ராயல்டி ஒரு வரி அல்ல, கனிம உரிமைகள்மீது வரி விதிக்கும் அதிகாரம் மாநிலங்களுக்கு உண்டு என எட்டு நீதிபதிகள் கூறினர். நீதிபதி நாகரத்னா மாறுபட்டார். இனி கோலார் மண்ணை யார் அள்ளினாலும், ராயல்டியோடு பெங்களூர் மேலும் கேட்கலாம். பேரம் பேசும் பலம் கூடியிருக்கிறது. அந்தப் பலத்தைக் கொண்டு மாநிலம் இதுவரை கேட்டிருப்பது தொழில் நகரத்துக்கான நிலம். 2020-இல் இரு தரப்பும் பேசியபோது அது 3,200 ஏக்கராக இருந்தது. பக்கத்திலேயே பெமல் நிறுவனம் பயன்படுத்தாமல் வைத்திருந்த ஏறத்தாழ 970 ஏக்கரும் தொழிற்பேட்டைக்காக மாநிலத்தின் பார்வையில் உள்ளது. மாநிலம் நிலத்தைத் திரும்பப் பெற்றால் அதுவும் கடைசியில் தனியார் நிறுவனங்களுக்கே குத்தகையாகப் போகும். லாவெலுக்குக் கொடுத்ததுபோல இன்னொரு சுற்று.

குத்தகை நிலத்தை அரசு மீட்பது ஒன்றும் முடியாத காரியமல்ல. சென்னை கிண்டியில் மெட்ராஸ் ரேஸ் கிளப்புக்கு 1940-களில் 99 ஆண்டுக் குத்தகையாக, ஆண்டுக்கு 614 ரூபாய் 13 காசுக்கு விடப்பட்டிருந்த 160 ஏக்கர் நிலத்தை, 730 கோடி ரூபாய் வாடகை நிலுவையைக் காட்டி 2024 செப்டம்பரில் தமிழக அரசு தன் வசம் எடுத்துக்கொண்டது. கிளப் நீதிமன்றப் படியேறியது. கிண்டியில் எதிர்த்தரப்பு ஒரு கிளப், நிலத்தில் இருந்தவை குதிரைகள். கோலாரில் எதிர்த்தரப்பு மத்திய அரசு, நிலத்தில் இருப்பவர்கள் வாக்காளர்கள்.

அந்த வாக்காளர்கள் அரசியல் அறியாதவர்களும் அல்ல. கர்நாடகத்துக்குள் இருந்துகொண்டே அதிமுகவையும் இந்தியக் குடியரசுக் கட்சியையும் மார்க்சிஸ்டுகளையும் சட்டப்பேரவைக்கு அனுப்பிய தொகுதி இது. பின்னர் பாஜகவையும் காங்கிரஸையும் தேர்ந்தெடுத்தது. வீட்டுப் பட்டா எல்லாக் கட்சிகளின் வாக்குறுதியிலும் இருந்தது. வீடுகளை முன்னாள் தொழிலாளர்களுக்கே கொடுப்பதாக அறிவிப்புகளும் பல முறை வந்தன. ஆனால் தனக்கு உரிமையில்லாத நிலத்தை நிறுவனம் எழுதிக்கொடுக்க முடியாது. தன் வசம் வராத நிலத்துக்கு மாநிலம் பட்டா தர முடியாது. இரு அரசுகளின் வழக்கு தீராதவரை மூன்றாமவருக்குக் காகிதம் கிடையாது.

காகிதம் இல்லாததன் விலை வெறும் கௌரவக் குறைவு அன்று. நிறுவனக் குடியிருப்புகளில் கழிவுநீருக்கும் துப்புரவுக்கும் பொறுப்பு நகரசபையா, நிறுவனமா என்ற தட்டிக்கழிப்பு ஆண்டுக்கணக்கில் நீடித்தது. கையால் மலம் அள்ளும் முறைக்கு 1993-இலேயே தடை வந்த நாட்டில், 2011-இல் தங்கவயலில் மலக்குழியில் இறங்கிய மூவர் உயிரிழந்தனர். மூடிய பொதுத்துறை நிறுவனத்தின் நிலத்தில் சட்டம்கூட வாசலில் நின்றுவிடுகிறது. வேலையோ, ஊரில் இல்லை. மாரிகுப்பத்திலிருந்தும் சாம்பியனிலிருந்தும் உரிகத்திலிருந்தும் விடியுமுன் புறப்படும் ரயில்கள் ஆயிரக்கணக்கானோரைப் பெங்களூருக்குக் கொண்டுசென்று இரவில் திருப்பிக் கொண்டுவருகின்றன.

ஏல ஆவணத்தில் என்ன இருக்கும்?

கோடைக் காற்று வீசும்போது சயனைடு மேடுகளிலிருந்து வெண்தூசு எழுந்து வீடுகளுக்குள் படிவது தங்கவயலில் பழகிப்போன ஒன்று. சிலிக்கா தூசு நுரையீரலை என்ன செய்யும் என்பதைச் சுரங்கத் தொழிலாளர் குடும்பங்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. 3.3 கோடி டன் மண்ணைத் தோண்டி, அள்ளி, மீண்டும் கரைத்துத் தங்கம் எடுக்கும் பணி ஒரு நகரத்தின் நடுவே பல ஆண்டுகள் நடக்கப்போகிறது. எஞ்சும் மண்ணை எங்கே கொட்டுவார்கள்? பழைய சுரங்கக் குழிகளுக்குள்ளா, வேறொரு மேடாகவா?

1996 டிசம்பரில் கமல்நாத் குடும்பத்தினருக்குத் தொடர்புடைய ஹோட்டல் ஒன்றுக்குப் பியாஸ் நதிக்கரை நிலத்தைக் குத்தகைக்கு விட்டதை ரத்து செய்தபோது, இயற்கை வளங்களுக்கு அரசு அறங்காவலர் மட்டுமே என்ற கோட்பாட்டை உச்ச நீதிமன்றம் நம் சட்டத்தில் நிலைநாட்டியது. குத்தகை முறைப்படி கொடுக்கப்பட்டதா என்பதோடு, அதனால் அக்கம்பக்கத்தவருக்கு நேரும் கேட்டையும் நீதிமன்றம் பார்க்கும் என்பதற்கு அது முன்மாதிரி. குத்தகைதாரரின் செலவில் நிலத்தைச் சீர்செய்யவும் அன்று உத்தரவிடப்பட்டது. கோலார் விவகாரத்தில் யார் வாதாட வந்தாலும் கையில் எடுக்க வேண்டிய தீர்ப்பு பால்கோ அல்ல, இதுதான்.

2015-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தில் இன்னொரு பிரிவும் இருக்கிறது. சுரங்கத்தால் பாதிக்கப்பட்ட மக்களுக்காக மாவட்டக் கனிம அறக்கட்டளை அமைக்க வேண்டும். ஏலத்தில் குத்தகை பெறுபவர் செலுத்தும் ராயல்டியில் 10 சதவீதத்துக்குச் சமமான தொகையை அதற்கும் தர வேண்டும். தங்கவயல் 2001-இலேயே மூடப்பட்டதால் அங்கு தோண்டிய 800 டன்னுக்கு இந்தக் கணக்கில் ஒரு ரூபாயும் வந்ததில்லை. மண் மேடுகள் ஏலம் போனால் முதன்முறையாக அப்படி ஒரு தொகைக்கு வழி பிறக்கக்கூடும். அது லைன் வீடுகளின் குடிநீருக்கும் சாக்கடைக்கும் போகுமா, கோலார் மாவட்டத்தின் வேறு தேவைகளில் கரையுமா என்பதை ஏலத்துக்கு முன்பே எழுதி வாங்கிக்கொள்ள மாநில அரசுக்கு இப்போது வாய்ப்பு இருக்கிறது. 2,300 ஏக்கர் கேட்கும் கடிதத்தில் இன்னும் ஒரு பத்தி சேர்த்தால் போதும்.